30 சீட்டில் 5: விவிபாட் குலுக்கல் எதைப் பிடிக்கும், எதைத் தவறவிடும்? தட்டாஞ்சாவடியை வைத்து ஒரு கணக்கு

வாக்கு எண்ணிக்கை நாளில் நம்ம போனில் 'முன்னிலை', 'பின்னடைவு' என்று நோட்டிஃபிகேஷன் வந்து விழுந்துகொண்டே இருக்கும். கடைசிச் சுற்று முடிந்ததும் வெளியே பட்டாசு, மாலை, ஸ்வீட் பாக்ஸ். ஆனால் எண்ணும் மையத்துக்கு உள்ளே அப்போது இன்னொரு வேலை தொடங்கும். அதை லைவ்வில் யாரும் காட்டுவதில்லை.

போஸ்ட் கார்டு அளவில் வெள்ளை அட்டைகள். தொகுதியில் எத்தனை வாக்குச்சாவடியோ அத்தனை அட்டை. ஒவ்வொன்றின் நடுவிலும் சாவடி எண் கறுப்பு மையில் பெரிதாக அச்சிட்டிருக்கும். வேட்பாளர்களிடமோ முகவர்களிடமோ ஒவ்வொரு அட்டையையும் காட்டி, எண் வெளியே தெரியாதபடி நான்காக மடித்து, ஒரு பெரிய டப்பாவில் போடுவார்கள். டப்பாவை நன்றாகக் குலுக்கிவிட்டு தேர்தல் நடத்தும் அலுவலர் 5 அட்டைகளை எடுப்பார். அந்த 5 சாவடிகளின் விவிபாட் ஒப்புகைச் சீட்டுகளைக் கையால் எண்ணி, மின்னணு இயந்திரம் காட்டிய எண்ணிக்கையோடு ஒப்பிடுவார்கள். இது தேர்தல் ஆணையத்தின் நடைமுறை.

இதைக் கேட்டால் இரண்டு விதமான எதிர்வினை வரும். ஒரு தரப்பு, "அதான் அஞ்சு பெட்டி பாத்தாச்சே, இன்னும் என்ன சந்தேகம்?" என்கும். இன்னொரு தரப்பு, "அஞ்சே அஞ்சு பெட்டியா? சும்மா கண்துடைப்பு!" என்கும். ரெண்டு பேருமே கணக்குப் போட்டுச் சொல்லவில்லை. போட்டுப் பார்த்தால் இருவருமே பாதி சரி, பாதி தப்பு. எந்தப் பாதி என்பதுதான் முக்கியம்.

5 என்ற எண் எங்கிருந்து வந்தது?

காகிதச் சான்று அவசியம் என்று உச்ச நீதிமன்றம் 2013 அக்டோபரில், சுப்ரமணியன் சுவாமி தொடர்ந்த வழக்கில் சொன்னது. அதன் பிறகு படிப்படியாக விவிபாட் வந்தது. வாக்களித்ததும் கண்ணாடிக்குப் பின்னால் 7 விநாடி சின்னத்தைக் காட்டிவிட்டு விழுமே, அந்தச் சீட்டுதான். 2019 மக்களவைத் தேர்தலில் நாடு முழுக்க எல்லாச் சாவடிகளிலும் இந்த இயந்திரம் இருந்தது. ஆனால் சரிபார்ப்பு மட்டும் ஒரு சட்டமன்றத் தொகுதிக்கு ஒரே ஒரு சாவடி என்று இருந்தது.

சந்திரபாபு நாயுடு உள்ளிட்ட 21 எதிர்க்கட்சித் தலைவர்கள் 50 சதவீத இயந்திரங்களைச் சரிபார்க்கக் கேட்டு உச்ச நீதிமன்றம் போனார்கள். முடிவு வர பல நாள் தாமதமாகும் என்றது தேர்தல் ஆணையம். 2019 ஏப்ரல் 8 அன்று நீதிமன்றம் ஒன்றை ஐந்தாக்கியது. சரியாகப் பத்து நாள் கழித்து, ஏப்ரல் 18 அன்று, புதுச்சேரி மக்களவைத் தேர்தலோடு தட்டாஞ்சாவடி சட்டமன்றத் தொகுதிக்கு இடைத்தேர்தலும் நடந்தது. புது விதியைச் சீக்கிரமே சந்தித்த தொகுதிகளில் நம்ம தட்டாஞ்சாவடியும் ஒன்று.

இதில் ஒன்றைக் கவனிங்க. '5' என்பது இந்தியா முழுக்க ஒரே எண். 2024-ல் தமிழ்நாட்டில் 234 தொகுதிகளுக்கு 68 ஆயிரத்துக்கும் மேல் சாவடிகள் இருந்தன. அதாவது தொகுதிக்குச் சராசரியாக 290. புதுச்சேரியில் அப்போது 30 தொகுதிகளுக்கு மொத்தமே ஆயிரத்துக்குச் சற்றுக் குறைவான சாவடிகள்தான் இருந்தன. தொகுதிக்கு 30-ஐ ஒட்டி வரும். தேர்தலுக்குத் தேர்தல் கொஞ்சம் கூடும், குறையும். கணக்குக்கு வசதியாக 30 என்றே வைத்துக்கொள்வோம்.

டப்பாவுக்குள் என்ன நடக்கிறது?

30 அட்டைகளில் ஒன்று மட்டும் 'கோளாறான' சாவடி என்று வைங்க. கோளாறு என்றால் மோசடி என்றுதான் அர்த்தம் இல்லை. இயந்திர எண்ணிக்கையும் சீட்டு எண்ணிக்கையும் பொருந்தவில்லை, அவ்வளவுதான். காரணம் பழுதாக இருக்கலாம், கவனக்குறைவாக இருக்கலாம், வேண்டுமென்றே செய்ததாகவும் இருக்கலாம்.

முதல் அட்டை எடுக்கும்போது அது நல்ல சாவடியாக இருக்கும் வாய்ப்பு 29/30. எடுத்த அட்டை திரும்ப டப்பாவுக்குள் போகாது. இப்போது உள்ளே 29 அட்டைதான், அதில் 28 நல்லது. ஆக இரண்டாவது அட்டையும் நல்லதாக இருக்கும் வாய்ப்பு 28/29. மூன்றாவதற்கு 27/28. ஒவ்வொரு முறையும் முந்தைய இழுப்பு அடுத்த இழுப்பின் கணக்கை மாற்றுகிறது. இதைத்தான் பிளஸ் டூ புத்தகத்தில் 'சார்ந்த நிகழ்ச்சிகள்', 'திரும்ப வைக்காமல் எடுத்தல்' என்று படித்துவிட்டு மறந்தோம்.

ஐந்து அட்டையும் நல்லதாகவே வந்து, கோளாறு தப்பித்துப் போகும் வாய்ப்பு என்ன? எல்லாவற்றையும் பெருக்கணும்:

29/30 × 28/29 × 27/28 × 26/27 × 25/26

மேலேயும் கீழேயும் அடித்துக்கொண்டே வந்தால் மிஞ்சுவது 25/30. அதாவது 83.3%. பிடிபடும் வாய்ப்பு 16.7%, ஆறில் ஒன்று.

அட்டையைத் திரும்ப வைத்துவிட்டு எடுப்பதாக நினைத்து 29/30-ஐ ஐந்து முறை பெருக்கினால் பிடிபடும் வாய்ப்பு 15.6% என்று வரும். வித்தியாசம் சின்னதுதான். ஆனால் அது எந்தப் பக்கம் சாய்கிறது என்று பாருங்க. திரும்ப வைக்காததால் ஒரே சாவடி இரண்டு தடவை வந்து ஒரு வாய்ப்பு வீணாவதில்லை. அதனால் சரிபார்ப்பு கொஞ்சம் கூர்மையாகிறது. டப்பா சின்னதாக இருந்தால் இந்த லாபம் கண்ணுக்குத் தெரியும், 290 அட்டை உள்ள டப்பாவில் கிட்டத்தட்ட தெரியாது.

'கடைசி அட்டைக்குத்தான் சான்ஸ் அதிகம்' என்பது சரியா?

முகவர்களுக்கு வரக்கூடிய சந்தேகம் இது. நாலு அட்டை எடுத்தாச்சு, உள்ளே 26தான் இருக்கு. அப்போ என் பூத் ஐந்தாவதாக வர 1/26 வாய்ப்பு, முதலில் வர 1/30தானே?

பாதி சரி. நாலு அட்டையையும் பார்த்து, நம் பூத் அதில் இல்லை என்று தெரிந்த பிறகு 1/26 என்பது சரிதான். ஆனால் குலுக்கலுக்கு முன்பே உட்கார்ந்து கேட்டால், நம் பூத் முதல் நாலிலும் வராமல் ஐந்தாவதில் வர வேண்டும். அது 29/30 × 28/29 × 27/28 × 26/27 × 1/26. அடித்துப் பாருங்க, மிஞ்சுவது 1/30! முதல் இடமோ ஐந்தாவது இடமோ, எல்லாச் சாவடிக்கும் சம வாய்ப்பு. இழுப்புகள் ஒன்றையொன்று சார்ந்திருந்தாலும் குலுக்கல் நியாயமானதுதான். இரண்டும் வேறு வேறு விஷயம்.

கோளாறு அதிகமானால்?

30 சாவடியில் 5 எடுக்கும்போது, குறைந்தது ஒரு கோளாறாவது கையில் சிக்கும் வாய்ப்பு இது:

- 1 சாவடியில் கோளாறு: 16.7%
- 2 சாவடிகளில்: 31%
- 3 சாவடிகளில்: 43.3%
- 5 சாவடிகளில்: 62.7%
- 10 சாவடிகளில்: 89.1%

பத்தில் ஒரு பங்கு சாவடிகள், அதாவது 30-க்கு 3, கோளாறாக இருந்தாலும்கூட 5 பெட்டி பார்த்துவிட்டு "எல்லாம் ஓகே" என்று எழுந்து போகும் வாய்ப்பு பாதிக்கு மேல். பழைய 'ஒரு சாவடி' விதியில் இதைப் பிடிக்கும் வாய்ப்பு வெறும் 10%தான். அதைவிட இது நாலு மடங்குக்கும் மேல் தேவலை. ஆனால் 'ஐந்து சரி' என்பதை 'முப்பதும் சரி' என்று படிக்கக் கூடாது.

290 சாவடி உள்ள தமிழ்நாட்டுத் தொகுதியில் இதே பத்தில் ஒரு பங்கு, அதாவது 29 சாவடி, கோளாறு என்றால் பிடிபடும் வாய்ப்பு 41.2%. நமக்கு 43.3%. டப்பா பத்து மடங்கு பெரிதானாலும் பெரிய வித்தியாசம் இல்லை. ஏனென்றால் பங்கு ஒன்றாக இருக்கும்வரை, முக்கியம் எத்தனை எடுக்கிறோம் என்பதுதான். ஆனால் கோளாறு ஒரே ஒரு சாவடியில் என்றால் நமக்கு 16.7%, அங்கே 1.7%. இப்போது டப்பாவின் அளவே எல்லாம்.

அப்போ 479 இயந்திரம் போதும் என்றார்களே?

2019 மார்ச்சில் அபய் பட், ராஜீவ் கரந்திகர், ஓங்கார் கோஷ் அடங்கிய நிபுணர் குழு தேர்தல் ஆணையத்துக்கு ஓர் அறிக்கை கொடுத்தது. நாட்டில் உள்ள பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட இயந்திரங்களில் 479-ஐ மட்டும் குலுக்கல் முறையில் எடுத்துப் பார்த்து, எதிலும் கோளாறு இல்லை என்றால், மொத்தத்தில் கோளாறு 2 சதவீதத்துக்கும் குறைவு என்று 99.99 சதவீத நம்பிக்கையோடு சொல்லலாம் என்றது. கணக்கு முற்றிலும் சரி. கால்குலேட்டரில் 0.98-ஐ 479 முறை பெருக்கிப் பாருங்க, பத்தாயிரத்தில் ஒன்றுக்கும் கீழே போய்விடும்.

ஆனால் அது பதில் சொல்லும் கேள்வி வேறு. 'இந்தியா முழுக்க உள்ள இயந்திரங்களில் பரவலாகக் கோளாறு இருக்கிறதா?' என்பது ஒரு கேள்வி. 'தட்டாஞ்சாவடியில் ஜெயித்தவர் உண்மையிலேயே ஜெயித்தாரா?' என்பது இன்னொரு கேள்வி. முதல் கேள்விக்கு டப்பா நாடு முழுவதும். இரண்டாவதற்கு டப்பாவில் 30 அட்டைதான். தமிழ்நாட்டின் முன்னாள் ஐஏஎஸ் அதிகாரி அசோக் வர்தன் ஷெட்டி, உச்ச நீதிமன்றத் தீர்ப்புக்கு முன்பே, 2018-ல் எழுதிய நீண்ட கட்டுரையில் இந்தக் குழப்பத்தைத்தான் சுட்டிக்காட்டினார். எதை 'மொத்தம்' என்று எடுத்துக்கொள்கிறோம் என்பதைத் தெளிவாகச் சொல்லாமல் மாதிரியின் அளவைப் பேசுவதில் அர்த்தமில்லை.

இதே கணக்கு 'கண்துடைப்பு' என்கிறவர்களுக்கும் பதில் வைத்திருக்கிறது. புதுச்சேரியின் 30 தொகுதிகளிலும், தொகுதிக்கு 3 சாவடி வீதம் யாரோ கை வைத்துவிட்டதாகக் கற்பனை செய்யுங்க. ஒரு தொகுதியில் தப்பிக்கும் வாய்ப்பு 56.7%. ஒவ்வொரு தொகுதிக்கும் தனித்தனி டப்பா, தனித்தனிக் குலுக்கல். அதனால் இங்கே ஒன்று மற்றொன்றைச் சாராது. 0.567-ஐ 30 முறை பெருக்கினால், 30 தொகுதியிலும் மாட்டாமல் தப்பிக்கும் வாய்ப்பு சுமார் இரண்டரைக் கோடியில் ஒன்று. பரவலான மோசடி இந்த வலையில் சிக்காமல் போகவே முடியாது. 2019 மக்களவைத் தேர்தலில் நாடு முழுக்க இருபதாயிரத்துக்கும் மேற்பட்ட விவிபாட்கள் எண்ணப்பட்டன. பொருந்தாதது ஆந்திராவின் மைதுகூரில் ஒரே ஒரு சாவடி. அதற்கும் காரணம், மாதிரி வாக்குப்பதிவின் தரவை அழிக்காமல் விட்டது. 'எல்லா மெஷினும் ஃபிராடு' என்று சொல்பவர்கள் இந்த எண்ணுக்குப் பதில் சொல்லியாக வேண்டும்.

ஆக, 5 என்ற வலை பெரிய மீனைப் பிடிக்கும். ஒரு தொகுதிக்குள் மட்டும், ஓரிரு சாவடியில் மட்டும் இருக்கும் சின்ன மீன் நழுவிப் போகும்.

சின்ன மீனால் என்ன ஆகிவிடும்?

இங்கேதான் விஷயம் இருக்கிறது. 2021 சட்டமன்றத் தேர்தலில் என்.ரங்கசாமி இரண்டு தொகுதிகளில் நின்றார். தட்டாஞ்சாவடியில் 5,456 வாக்கு வித்தியாசத்தில் ஜெயித்தார். யானத்தில் சுயேச்சை வேட்பாளரிடம் 655 வாக்கில் தோற்றார். ஒரே வேட்பாளர், ஒரே நாள், ஒரே '5 சாவடி' விதி.

இந்த முடிவுகளில் தவறு நடந்ததாக நாம் சொல்லவில்லை. அந்த வித்தியாசங்களை மட்டும் கடன் வாங்கி ஒரு கணக்குப் போடுவோம். கொரோனா காலம் என்பதால் 2021-ல் துணைச் சாவடிகள் சேர்ந்து எண்ணிக்கை கூடியிருந்தது. நாம் வழக்கமான 30-ஐயே வைத்துக்கொள்வோம். ஒரு சாவடியில் 900 வாக்கு பதிவாகிறது என்றும், அதில் ஐந்தில் ஒரு பங்கு, 180 வாக்கு, ஒருவரிடமிருந்து மற்றவருக்கு மாறுகிறது என்றும் வைங்க. அதற்கு மேல் மாறினால் அந்த ஏரியா ஏஜென்டுக்கே 'நம்ம தெருவுல இவ்ளோ கம்மியா?' என்று உறுத்தும். 180 வாக்கு மாறினால் வித்தியாசம் 360 மாறும்.

5,456 வாக்கு வித்தியாசத்தைப் புரட்ட 16 சாவடிகள் தேவை. 30-ல் 16 கோளாறு என்றால், 5 அட்டையில் ஒன்றாவது மாட்டும் வாய்ப்பு 98.6%. இந்த அளவு வித்தியாசத்துக்கு 5 தாராளமாகப் போதும்.

655 வாக்கைப் புரட்ட 2 சாவடி போதும். 5 அட்டையில் அது மாட்டும் வாய்ப்பு 31%. மூன்றில் இரண்டு தடவைக்கும் மேல் நழுவிவிடும். இதை 95 சதவீத வாய்ப்போடு பிடிக்க வேண்டுமென்றால் 30-ல் 23 பெட்டியைத் திறக்கணும்.

இப்போதைய விதி இந்த வித்தியாசத்தையே பார்ப்பதில்லை. அமோக வெற்றிக்கும் மயிரிழை வெற்றிக்கும் அதே 5.

நாம் கேட்க வேண்டியது என்ன?

எல்லா இடத்திலும் 100 சதவீதம் எண்ணச் சொல்லிக் கேட்ட வழக்கை உச்ச நீதிமன்றம் 2024 ஏப்ரல் 26 அன்று தள்ளுபடி செய்துவிட்டது. அதே தீர்ப்பு ஒரு புது வழியைத் திறந்தது. இரண்டாம், மூன்றாம் இடம் பிடித்தவர்கள் முடிவு வந்த 7 நாளுக்குள் கேட்டால், தொகுதியின் 5 சதவீத இயந்திரங்களைப் பொறியாளர்கள் சரிபார்ப்பார்கள். எந்தச் சாவடி என்று வேட்பாளரே சொல்லலாம். குறிப்பிட்ட சந்தேகம் இருந்தால் இது குலுக்கலைவிட நல்ல ஆயுதம். ஆனால் தமிழ்நாட்டில் 290-க்கு 5 சதவீதம் என்றால் 14, 15 இயந்திரம். தட்டாஞ்சாவடி மாதிரி தொகுதியில் ஒன்றரை! சதவீதக் கணக்கு சின்ன தொகுதியில் சுருங்கிப் போகிறது.

நமக்குத் தேவை சதவீதமும் இல்லை, நிலையான 5-ம் இல்லை. வித்தியாசத்தைப் பார்த்து மாதிரியின் அளவைத் தீர்மானிக்கும் விதி. இது புதுசும் இல்லை. அமெரிக்காவில் பெர்க்லி பல்கலைக்கழகப் புள்ளியியலாளர் பிலிப் ஸ்டார்க் முன்வைத்த இந்த முறையை கொலராடோ மாநிலம் 2017 முதல் மாநிலம் முழுக்க நடத்துகிறது. ஜெயித்த வித்தியாசம் பெரிது என்றால் கொஞ்சம் சீட்டு எடுத்தால் போதும். சிறிது என்றால் அதிகம். சந்தேகம் தீரவில்லை என்றால் முழுசும் எண்ண வேண்டியதுதான்.

இரண்டாவது ஓட்டை இன்னும் அடிப்படையானது. சரிபார்த்த ஒரு சாவடியில் எண்ணிக்கை பொருந்தவில்லை என்றால், தேர்தல் நடத்தை விதி 56டி-யின்படி சீட்டு எண்ணிக்கையே செல்லும். சரி. திறக்காத மீதி 25 பெட்டி? அதைப் பற்றி அந்த விதியில் ஒரு வரியும் இல்லை. மாதிரி எடுப்பதே மீதியைப் பற்றித் தெரிந்துகொள்ளத்தானே? சோற்றுக்கு ஒரு சோறு பதம் பார்க்கிறோம். அது வேகவில்லை என்று தெரிந்த பிறகு, அந்த ஒரு பருக்கையை மட்டும் எடுத்துப் போட்டுவிட்டு பானையைப் பந்திக்கு அனுப்புவோமா?

நேரம் ஆகும் என்பதுதான் வழக்கமான பதில். 290 பெட்டிக்கு அது நியாயமான கவலை. ஆனால் 30 பெட்டிக்கு? ஒரு பெட்டிக்கு ஒரு மணி நேரம் என்றே வைத்தாலும், மூன்று மேஜை போட்டால் முழுத் தொகுதியும் பத்து மணி நேரத்தில் முடிந்துவிடும். அதுவும் எல்லாத் தொகுதிக்கும் தேவையில்லை, இழுபறியான சிலவற்றுக்கு மட்டும். நாட்டிலேயே இதை முதலில் முயன்று பார்க்க வசதியான இடம், குட்டி குட்டித் தொகுதிகள் உள்ள புதுச்சேரிதான்.

இதில் ஜெயித்தவருக்கும் லாபம் இருக்கிறது. 655 மாதிரி ஒரு வித்தியாசத்தில் ஜெயிப்பவர் ஐந்து வருஷமும் 'மெஷின் ஜெயிக்க வெச்சது' என்ற பேச்சைச் சுமக்க வேண்டாம்.

அடுத்த எண்ணிக்கை நாளில் 'விவிபாட் சரிபார்ப்பு முடிந்தது, வித்தியாசம் இல்லை' என்று போனில் மெசேஜ் வந்தால், ஒரு நிமிஷம் நிறுத்தி இரண்டே கேள்வி கேளுங்க: டப்பாவில் மொத்தம் எத்தனை அட்டை? ஜெயித்தது எத்தனை வாக்கில்? இந்த இரண்டு எண்ணும் தெரியாமல் '5 சரிபார்த்தோம்' என்ற தகவல் மட்டும் உங்களுக்கு எதையும் சொல்லாது.